கோடு எங்கே? நிலக்கரி வியாபாரி பிலிம்சால் எம்.பி. ஆன பிறகு நடந்தது

1874 ஜூன் 24 அன்று பிரிட்டிஷ் மக்களவையில் ஒரு தனிநபர் மசோதா ஓட்டெடுப்புக்கு வந்தது. ஆதரவாக 170 பேர், எதிராக 173 பேர். மூன்றே ஓட்டில் செத்துப்போன அந்த மசோதா கேட்டது இரண்டு விஷயங்கள்தான். கடலுக்குப் போகும் சரக்குக் கப்பலில் யாராவது ஒருவர் ஏறிச் சோதித்துப் பார்க்க வேண்டும். இதற்கு மேல் முங்கக் கூடாது என்று கப்பலின் பக்கவாட்டில் ஒரு கோடு போட வேண்டும்.

மசோதாவைக் கொண்டுவந்தவர் சாமுவேல் பிலிம்சால். டெர்பி நகரத்து எம்.பி., லிபரல் கட்சிக்காரர். அவர் மாலுமியும் இல்லை, கப்பல் கட்டுகிறவரும் இல்லை, கப்பல் முதலாளியும் இல்லை. நிலக்கரி வியாபாரி. அதுவும் ஒருமுறை முழுசாக நொடித்துப்போய் மறுபடி எழுந்தவர்.

பிலிம்சாலைப் பற்றி எழுதுகிறவர்கள் அவருடைய இரக்க குணத்தைச் சொல்லித்தான் ஆரம்பிப்பார்கள். மாலுமிகளின் நண்பர் என்ற பட்டமே அவருக்கு உண்டு. இரக்கம் இருந்தது, மறுக்கவில்லை. ஆனால் இரக்கப்பட்டவர்கள் அந்தக் காலத்து இங்கிலாந்தில் நிறையப் பேர் இருந்தார்கள். இவரிடம் கூடுதலாக இருந்தது வியாபாரியின் கண். ஒரு கப்பல் மூழ்கினால் யாருக்கு நஷ்டம், யாருக்கு லாபம் என்று வரவு செலவு போட்டுப் பார்த்தார். அந்தக் கணக்கு வெளியே வந்த பிறகுதான் சண்டை சூடு பிடித்தது. அதே கணக்கைச் சட்டமாக்கும்போது எங்கே ஓட்டை விழுந்தது என்பதையும் பார்க்க வேண்டும். இந்த நிகழ்வை எடுத்துக்கொண்டதே அந்த ஓட்டைக்காகத்தான்.

பீர் ஆலையிலிருந்து கரிக் கிடங்குக்கு

1824 பிப்ரவரி 10 அன்று பிரிஸ்டல் துறைமுக நகரத்தில் பிறந்தார். அப்பா கலால் துறையில் வேலை பார்த்தவர். வீட்டில் நிறையக் குழந்தைகள். குடும்பம் ஊர் ஊராக மாறிக் கடைசியில் ஷெஃபீல்டில் வந்து உட்கார்ந்தது. பள்ளிப் படிப்பு சீக்கிரமே நின்றது. ஒரு பீர் ஆலையில் குமாஸ்தாவாகச் சேர்ந்து மேலாளர் வரை உயர்ந்தார். லண்டனில் 1851இல் நடந்த மாபெரும் கண்காட்சிக்கு ஷெஃபீல்டின் கௌரவச் செயலாளராக இருந்து ஊர்ச் சரக்கை அனுப்பிவைத்தவரும் அவர்தான். ஊரில் நாலு பெரிய மனிதர்களுக்குத் தெரிந்த முகம் ஆகிவிட்டார்.

அந்தத் தெம்பில் 1853இல் லண்டனுக்குப் போய் நிலக்கரி வியாபாரம் ஆரம்பித்தார். ஓரிரு வருஷத்தில் கையில் இருந்தது எல்லாம் போயிற்று. வாரத்துக்கு எட்டு ஷில்லிங்குக்கும் குறைவான காசில், கூலிக்காரர்கள் தங்கும் பொது விடுதியில் படுத்து எழுந்து காலம் தள்ள வேண்டி வந்தது. அங்கே பார்த்ததைப் பின்னாளில் அவரே எழுதியிருக்கிறார். வேலை போனவனுக்குப் பக்கத்துப் படுக்கைக்காரன் தன் ரொட்டியில் பாதியைக் கொடுப்பதைப் பார்த்திருக்கிறார். வீட்டில் சாப்பிட்டுவிட்டு வந்து ஏழைகளைப் பற்றிப் பேசும் ரகம் இல்லை என்பதற்கு இது ஒன்றே போதும்.

அப்புறம் எழுந்தது எப்படி? உடையும் கரியிலிருந்து. யார்க்ஷயர் நிலக்கரி ரயிலில் லண்டன் கிங்ஸ் கிராஸுக்கு வரும். வேகனிலிருந்து கீழே வண்டியில் கொட்டும்போது கட்டிகள் உடையும். உடைந்த கரிக்கு விலை குறைவு, தூளுக்கு இன்னும் குறைவு. உயரத்திலிருந்து விழாமல் கரியை மெதுவாக இறக்கும் ஓர் ஏற்பாட்டை வடிவமைத்து அதற்குக் காப்புரிமை வாங்கினார் பிலிம்சால். 1860களில் அங்கே தன் சொந்தக் கரி இறக்குமிடத்தையே கட்டிக்கொண்டார். 1857இல் ஈலைசாவைத் திருமணம் செய்துகொண்டிருந்தார். இந்தப் பெண்மணியின் பெயரை மறந்துவிடாதீர்கள், பின்னால் வருகிறார்.

கரியைக் கீழே இறக்கும்போது எத்தனை சதவீதம் வீணாகிறது என்று பார்த்துப் பார்த்துப் பழகிய கண் அது. அதே கண் கப்பல்களின் பக்கம் திரும்பியது.

இதில் ஒரு நெருடலும் உண்டு, அதையும் சொல்லிவிடுகிறேன். லண்டனுக்குக் கரி இரண்டு வழியில் வந்தது. நியூகாசில் பக்கத்திலிருந்து கடல் வழியாக ஒன்று, சுரங்கங்களிலிருந்து ரயில் வழியாக இன்னொன்று. பிலிம்சால் ரயில் கரிக்காரர். கடலில் கரி ஏற்றிவரும் ஓட்டைக் கப்பல்களுக்குச் சட்டம் வந்தால் கடல் கரியின் செலவு ஏறும். ஏறினால் லாபம் யாருக்கு? சந்தேகப்படுகிறவர் சந்தேகப்படலாம். ஆனால் இந்தச் சண்டைக்காக அவர் கைக்காசைக் கொட்டினார், வழக்குகளைச் சுமந்தார், உடம்பைக் கெடுத்துக்கொண்டார். லாபத்துக்காகச் செய்தார் என்று வைத்துக்கொண்டால் அவ்வளவு மோசமான வியாபாரி யாரும் இருக்க முடியாது.

டெர்பி எம்.பி.

1865 தேர்தலில் டெர்பியில் நின்று தோற்றார். 1868இல் ஜெயித்தார். அந்தத் தொகுதிக்கு இரண்டு எம்.பி.க்கள். கூட ஜெயித்தவர் பாஸ் பீர் கம்பெனியின் மைக்கேல் தாமஸ் பாஸ். பீர் ஆலைக் குமாஸ்தாவாக வாழ்க்கையை ஆரம்பித்தவரும் பீர் ஆலைச் சக்கரவர்த்தியும் ஒரே ஊருக்காகப் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தார்கள்.

கப்பல் கோடு அவருடைய சொந்த யோசனை இல்லை. டைன் ஆற்றங்கரைக் கப்பல் முதலாளி ஜேம்ஸ் ஹால் என்பவர் அதற்கு முன்பே இதைப் பேசிவந்தார். தன் இனத்தார் செய்வது தவறு என்று சொன்ன முதலாளி அவர். பழைய துறைமுக நகரமான வெனிஸில் கப்பலின் பக்கவாட்டில் சிலுவைக் குறி போட்டு அளவு பார்க்கும் வழக்கம் நூற்றாண்டுகளுக்கு முன்பே இருந்தது. கப்பல்களைச் சோதித்துத் தரம் பிரிக்கும் லண்டன் லாய்ட்ஸ் பதிவகம் 1835இல் ஒரு உத்தேசக் கணக்கு வைத்திருந்தது: சரக்கறையின் ஆழம் ஓர் அடிக்கு மூன்று அங்குலம் வீதம் கப்பல் தண்ணீருக்கு மேலே நிற்க வேண்டும். இருபதடி ஆழமுள்ள கப்பல் என்றால் ஐந்தடி வெளியே தெரிய வேண்டும். விதி இருந்தது, அதைக் கட்டாயமாக்கும் சட்டம்தான் இல்லை.

ஹால் விதைத்ததை பிலிம்சால் எடுத்துக்கொண்டு நாடாளுமன்றத்துக்குப் போனார். வரலாறு கோட்டுக்கு பிலிம்சாலின் பெயரை வைத்தது. ஹாலின் பெயரைத் தேடிப் படிக்க வேண்டியிருக்கிறது. பிலிம்சால் மீது குறை சொல்ல வேண்டுமென்றால் நான் இதைத்தான் முதலில் சொல்வேன்.

மூழ்கினால் லாபம்

சரி, கணக்குக்கு வருவோம். கீழே வரும் எண்கள் விளக்கத்துக்காக நான் போடுபவை. கணக்கின் வழி பிலிம்சால் காட்டியது.

ஒரு பழைய கப்பல். உண்மையான மதிப்பு 3,000 பவுண்டு. முதலாளி அதை 6,000 பவுண்டுக்கு இன்சூர் செய்கிறார். மதிப்பு என்ன என்று பாலிசியிலேயே எழுதிவிடுவதால், மூழ்கினால் எழுதின தொகை கிடைக்கும். இன்சூரன்ஸ்காரர்கள் ஏமாளிகளா, சும்மா விடுவார்களா என்று கேட்கத் தோன்றும். இங்கேதான் சூட்சுமம். லாய்ட்ஸ் என்ற லண்டன் இன்சூரன்ஸ் சந்தையில் ஒரு கப்பலின் ஆபத்தை ஒருவரே சுமப்பதில்லை. நாற்பது பேர் ஆளுக்கு 150 பவுண்டு என்று பிரித்துக்கொள்வார்கள். கப்பல் மூழ்கியதில் சூது இருக்கிறது என்று ஒருவருக்குச் சந்தேகம் வந்தாலும், 150 பவுண்டுக்காக வழக்குப் போட்டால் வக்கீல் செலவே அதைவிட அதிகம். மேலும் அப்படி வழக்குப் போடுகிறவர் என்று பெயர் வந்துவிட்டால் நாளைக்குத் தரகர் அவரிடம் வரமாட்டார். ஆக நாற்பது பேரும் பேசாமல் பணத்தைக் கொடுத்துவிட்டு, அந்த நஷ்டத்தை எல்லாக் கப்பல்களின் பிரீமியத்திலும் ஏற்றிவிடுவார்கள். நேர்மையான முதலாளி, நேர்மையில்லாத முதலாளியின் கப்பலுக்கும் சேர்த்துக் கட்டணம் கட்டுகிறார்.

இப்போது அந்தப் பழைய கப்பலில் அளவுக்கு மேல் சரக்கு ஏற்றுங்கள். போய்ச் சேர்ந்தால் கூடுதல் வாடகை. சேராவிட்டால் ஒன்றுக்கு இரண்டாக இன்சூரன்ஸ். எந்தப் பக்கம் விழுந்தாலும் முதலாளிக்குப் பணம். நஷ்டம் என்று ஒன்று வந்தால் அது கப்பலில் ஏறியவனுக்கு மட்டும்தான். இப்படிப்பட்ட கப்பல்களுக்கு ஊரார் வைத்த பெயர் சவப்பெட்டிக் கப்பல்.

எல்லா முதலாளிகளும் கொலைகாரர்கள் என்று பிலிம்சால் சொல்லவில்லை. பெரும்பாலோர் ஒழுங்கானவர்கள், சிலர்தான் இப்படி, ஆனால் அந்தச் சிலரோடு போட்டி போட வேண்டியிருப்பதால் ஒழுங்கானவர்களும் கொஞ்சம் கொஞ்சமாகக் கூடுதலாக ஏற்றுகிறார்கள் என்றார். வியாபாரம் தெரிந்தவர் சொல்லும் பேச்சு இது.

மாலுமி ஏறாமல் இருந்துவிடலாமே? முடியாது. ஒப்பந்தத்தில் கைநாட்டு வைத்துவிட்டு அப்புறம் கப்பலைப் பார்த்துப் பயந்து ஏற மறுத்தால் அது குற்றம். பத்துப் பன்னிரண்டு வாரம் வரை சிறை. பல சமயம் கப்பலைப் பார்ப்பதற்கு முன்பே கையெழுத்து ஆகிவிடும். 1871இல் வந்த சட்டம் மாலுமிகள் புகார் செய்து சோதனை கேட்கச் சின்னதாக ஒரு கதவைத் திறந்தது. சட்டத்தில் கதவு திறந்தாலும் மாஜிஸ்திரேட் முன் நின்று ஒரு கூலி மாலுமி முதலாளிக்கு எதிராகக் கப்பலின் பலத்தை நிரூபிப்பது நடக்கிற காரியமா?

1866 ஜனவரியில் மெல்போர்னுக்குக் கிளம்பிய 'லண்டன்' என்ற நீராவிக் கப்பல் பிஸ்கே வளைகுடாவில் மூழ்கியது. சுமார் 220 பேர் இறந்தார்கள், பிழைத்தவர்கள் 19 பேர். கனத்த சரக்கோடு தாழ மிதந்தபடி கிளம்பியது என்ற பேச்சு அப்போதே எழுந்தது. அது பயணிகள் கப்பல், செத்தவர்களில் பெரிய மனிதர்களும் இருந்ததால் பத்திரிகைகளில் வந்தது. கரியும் தானியமும் ஏற்றிக்கொண்டு பத்து இருபது பேரோடு காணாமல் போகும் கப்பல்களுக்கு ஒரு வரிதான் கிடைக்கும்.

புத்தகமும் வழக்கும்

1871இல் கொண்டுவந்த மசோதா நகரவில்லை. சபையில் கப்பல் முதலாளிகளே நிறையப் பேர் உட்கார்ந்திருந்தார்கள். எனவே 1873 ஜனவரியில் பிலிம்சால் 'நம் மாலுமிகள்' என்ற புத்தகத்தை வெளியிட்டார். புத்தகம் எழுதத் தெரியாது, ஒரு ஆளுக்கு எழுதுகிற மாதிரி எழுதிவிடுகிறேன் என்று சொல்லித்தான் ஆரம்பிக்கிறார். உள்ளே கடிதங்களின் நகல்கள், விதவைகளின் வீட்டுக்குப் போய்ப் பார்த்த காட்சிகள், மேலே சொன்ன இன்சூரன்ஸ் கணக்கு எல்லாம் இருக்கின்றன.

அதில் ஒரு விவரம் என்னை ரொம்ப நேரம் நிறுத்தியது. மரக் கப்பலின் பலகைகளைச் சட்டத்தோடு பிணைப்பது நீளமான செம்பு ஆணி. செம்பு விலை அதிகம். அதனால் சில இடங்களில் ஆணியின் தலையை மட்டும் பலகையில் பதித்துவிடுவார்கள். வெளியே பார்த்தால் ஆணி, உள்ளே ஒன்றுமில்லை. இந்தப் போலி ஆணிக்குக் கப்பல் பட்டறையில் பெயர் 'பிசாசு'. பல வருஷம் கழித்துக் கப்பல் பிளந்தால் எந்தத் தச்சன் எந்த ஆணியைத் திருடினான் என்று கடலடியில் யார் போய்ப் பார்ப்பது?

புத்தகம் தீயாகப் பரவியது. அவதூறு வழக்குகளும் வந்தன. ஹல் நகரத்து எம்.பி.யும் கப்பல் முதலாளியுமான சார்லஸ் நார்வுட் வழக்குப் போட்டவர்களில் ஒருவர். பிலிம்சாலின் புத்தகத்தில் பிழைகள் இருந்தன, சரிபார்க்காமல் சொன்னவையும் இருந்தன. அவர் பக்கம் நிற்கிற நான்கூட ஒத்துக்கொள்ள வேண்டிய விஷயம் இது. சூடாக எழுதுகிறவர்களுக்கு நேரும் வினை. எதிராளிகள் அந்தப் பிழைகளைப் பிடித்துக்கொண்டு மொத்தத்தையும் பொய் என்றார்கள்.

அதே ஆண்டு அரசு ஒரு ராயல் கமிஷன் அமைத்தது. தலைவர் சோமர்செட் பிரபு. கமிஷன் 1874இல் சொன்ன முடிவு பிலிம்சாலுக்கு எதிரானது: எல்லாக் கப்பலுக்கும் ஒரே கோடு சட்டத்தால் போட முடியாது.

கமிஷனின் வாதத்தை முட்டாள்தனம் என்று ஒதுக்கிவிட முடியாது. கப்பலின் வடிவம் வேறு வேறு. கரி ஏற்றுவதும் பஞ்சு ஏற்றுவதும் ஒன்றில்லை. கோடைகால மத்தியதரைக் கடலும் குளிர்கால அட்லாண்டிக்கும் ஒன்றில்லை. நல்ல தண்ணீரில் முங்குகிற அளவு உப்புத் தண்ணீரில் முங்காது. இத்தனைக்கும் பொதுவாக எங்கே கோடு போடுவது? அதைவிடப் பெரிய வாதம் இன்னொன்று. அரசாங்கமே கோடு போட்டுக் கொடுத்துவிட்டால், கப்பல் மூழ்கும்போது முதலாளி 'நான் உங்கள் கோட்டைத் தாண்டவில்லையே' என்று கையை விரித்துவிடுவார். பொறுப்பு அரசின் தலையில் வந்து விழும். கப்பல் விஷயங்களைக் கவனித்த அரசுத் துறையான வர்த்தக வாரியத்தின் அதிகாரிகளுக்கு இந்தப் பயம் உண்மையாகவே இருந்தது.

மூன்று ஓட்டுத் தோல்வி இதே வருஷத்தில்தான்.

1875 ஜூலை 22

1875இல் பிரதமர் டிஸ்ரேலியின் அரசு தானே ஒரு கப்பல் மசோதாவைக் கொண்டுவந்தது. அரைகுறைதான், ஆனாலும் ஒன்று. கூட்டத்தொடர் முடியப்போகிற நேரம். ஜூலை 22 அன்று பிரதமர் எழுந்து, நேரம் போதாது, இந்த மசோதாவை விட்டுவிடுகிறோம் என்றார். விவசாய நிலக் குத்தகை மசோதாவுக்கு இடம் வேண்டியிருந்தது.

பிலிம்சால் எழுந்தார். இதைத் தள்ளிப்போட்டால் இன்னும் எத்தனை ஆயிரம் பேர் சாவார்கள் என்று ஆரம்பித்தார். பழசாகிவிட்டது என்று எந்த முதலாளியும் தானாகக் கப்பலை உடைத்ததை முப்பது ஆண்டுகளில் பார்த்ததில்லை, லாய்ட்ஸின் செயலாளரே தன் நண்பரிடம் சொன்னது இது என்றார். ஒரு பழைய கப்பல் கைமாறிக் கைமாறி, கடைசி ஆள் கையில் கடலுக்கடியில்தான் போய்ச் சேர்கிறது என்று அர்த்தம்.

அப்புறம் பெயர் சொன்னார். டெத்திஸ், மெல்போர்ன், நோரா க்ரீம், ஃபவுண்ட்லிங், சிட்னி டேக்ரஸ். ஐந்து கப்பல்கள். முதல் மூன்றும் 1874இல் போனவை, அவற்றோடு 87 உயிர்கள். கடைசி இரண்டும் 1875 தொடக்கத்தில் கைவிடப்பட்டவை. இவற்றின் முதலாளி எட்வர்ட் பேட்ஸ் என்பவர் பிளிமத் எம்.பி.யான எட்வர்ட் பேட்ஸ்தானா, இல்லை அதே பெயருள்ள வேறு ஆளா என்று வர்த்தக வாரியத் தலைவரிடம் கேள்வி கேட்கப்போவதாக அறிவித்தார். ஆளைச் சாவுக்கு அனுப்பும் வில்லன்களின் முகமூடியைக் கிழிப்பேன் என்றார்.

சபாநாயகர் பிராண்ட் குறுக்கிட்டார். 'வில்லன்' என்ற சொல்லை இந்தச் சபையின் உறுப்பினர் யாரையும் குறித்துச் சொல்லவில்லையே என்று தப்பிக்க ஒரு வழி வைத்துத்தான் கேட்டார். உறுப்பினரைக் குறித்துத்தான் சொன்னேன், திரும்பப் பெறமாட்டேன் என்றார் பிலிம்சால். திரும்பத் திரும்பக் கேட்டும் அதே பதில். முஷ்டியை ஆட்டினார். மேலே பெண்கள் மாடத்தில் உட்கார்ந்திருந்த ஈலைசா, முன்கூட்டியே அச்சடித்து வைத்திருந்த கண்டன அறிக்கையின் பிரதிகளைப் பத்திரிகையாளர்கள் பக்கம் சேர்த்தார். அதை வைத்து முழுக்க நாடகம் என்று சொன்னவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. அறிக்கை தயாரிப்பு, ஆத்திரம் நிஜம். இரண்டும் ஒரே மனிதனிடம் இருக்க முடியாதா என்ன?

கண்டிக்க வேண்டும் என்று டிஸ்ரேலி தீர்மானம் கொண்டுவந்தார். எதிர்க்கட்சித் தலைவர் ஹார்டிங்டன் சமயோசிதமாக, ஒரு வாரம் போகட்டும் என்றார். அந்த ஒரு வாரம் எல்லாவற்றையும் மாற்றிவிட்டது. ஊர் ஊராகக் கூட்டங்கள், தீர்மானங்கள், மனுக்கள். ஜூலை 29 அன்று பிலிம்சால் சபைக்கு வந்து தன் வார்த்தைகளுக்கு மன்னிப்புக் கேட்டார். சொன்ன விவரங்களில் ஒன்றைக்கூடத் திரும்பப் பெறவில்லை. அரசு அவசர அவசரமாக ஒரு தற்காலிகச் சட்டத்தை அதே கூட்டத்தொடரில் நிறைவேற்றியது. ஆபத்தான கப்பலைத் துறைமுகத்திலேயே நிறுத்திவைக்க வர்த்தக வாரியத்து அதிகாரிகளுக்கு அதிகாரம் வந்தது.

ஓட்டை

1876இல் நிரந்தரச் சட்டம் வந்தது. கப்பலின் இரு பக்கத்திலும் 12 அங்குல விட்டத்தில் ஒரு வட்டம், அதன் நடுவே 18 அங்குல நீளத்தில் ஒரு குறுக்குக் கோடு. பிலிம்சால் ஜெயித்துவிட்டார் என்று ஊர் கொண்டாடியது. பல சுருக்க வரலாறுகள் இங்கேயே கதையை முடித்துவிடும்.

சட்டத்தைக் கொஞ்சம் நிதானமாகப் படித்தால் தெரியும். கோடு கட்டாயம். கோட்டை எந்த உயரத்தில் போடுவது என்பது முதலாளியின் இஷ்டம்.

எழுதியவர்கள் கண்ணை மூடிக்கொண்டு எழுதவில்லை. பொறுப்பு அரசின் தலையில் விழக் கூடாது என்ற அந்தப் பழைய வாதம் கமிஷன் அறிக்கையிலிருந்து நேராகச் சட்டத்துக்குள் வந்து உட்கார்ந்துகொண்டது. கார்டிஃபில் ஒரு கேப்டன் சட்டப்படி கோட்டைப் போட்டார், ஆனால் கப்பலின் புகைபோக்கியில் போட்டார் என்று ஒரு கதை உண்டு. அந்தப் புகைபோக்கி முங்கும்வரை சரக்கு ஏற்றினாலும் சட்டம் ஒன்றும் சொல்லாது.

முழுக்க வீண் என்றும் சொல்ல முடியாது. முதலாளி தன் கையால் போட்ட கோடு, கப்பல் மூழ்கிய பிறகு அவருக்கு எதிரான சாட்சி ஆகிறது. அதற்கு முன்பு அதுவும் இல்லை. ஆனாலும் கடலில் இருக்கும் ஆளுக்கு, சாட்சி வந்து என்ன?

ஓட்டை அடைபடப் பதினாலு வருஷம் ஆயிற்று. அடைத்தது சபைப் பேச்சு இல்லை, அட்டவணை. லாய்ட்ஸ் பதிவகத்தின் தலைமை ஆய்வாளர் பெஞ்சமின் மார்ட்டெல், எந்த நீளம், எந்த அகலம், எந்த வடிவமுள்ள கப்பல் எவ்வளவு தண்ணீருக்கு மேலே நிற்க வேண்டும் என்று பொறுமையாகக் கணக்குப் போட்டு 1882இல் வெளியிட்டார். அரசு அமைத்த குழு அதைச் சீர்செய்து 1885இல் ஒப்புக்கொண்டது. 1890 சட்டம், கோடு அந்த அட்டவணைப்படிதான் இருக்க வேண்டும் என்றது. எங்கே என்ற கேள்விக்கு அன்றைக்குத்தான் பதில் வந்தது. இன்சூரன்ஸ் பக்கத்து ஓட்டை வேறு. 1884இல் ஜோசப் சேம்பர்லின் கப்பல்களை மிகையாக இன்சூர் செய்வதைத் தடுக்க ஒரு மசோதாவைக் கொண்டுவந்தார். முதலாளிகள் ஒன்றுதிரண்டு எதிர்க்க, வாபஸ் வாங்க வேண்டியதாயிற்று.

இருவருக்கும் பின்னால் நடந்தது

1880 தேர்தலில் பிலிம்சால் மறுபடி டெர்பியில் ஜெயித்தார். உள்துறை அமைச்சர் ஆன வில்லியம் ஹார்கோர்ட், பதவியேற்ற கையோடு ஆக்ஸ்ஃபோர்டு இடைத்தேர்தலில் தோற்றுப்போனார். அவருக்காகத் தன் இடத்தைக் காலி செய்து கொடுத்தார் பிலிம்சால். அமைச்சராக இருக்கிறவர் மாலுமிகளுக்கு என்னைவிட அதிகம் செய்வார் என்ற நம்பிக்கை. அரசியலில் இப்படி நம்பினால் என்ன கிடைக்குமோ அதுதான் கிடைத்தது. 1885இல் ஷெஃபீல்டில் நின்றார், தோற்றார். திரும்ப மக்களவைக்குள் போகவே முடியவில்லை.

அந்த எட்வர்ட் பேட்ஸ்? பம்பாய் வர்த்தகத்தில் ஊறிய லிவர்பூல் முதலாளி. 1880இல் அவருக்குப் பாரனெட் என்ற பரம்பரைப் பட்டம் கிடைத்தது. அதே ஆண்டு அவருடைய தேர்தல் வெற்றி முறைகேட்டு மனுவில் செல்லாது என்றானது. 1885இல் திரும்பவும் எம்.பி. ஆனார்.

பிலிம்சால் சும்மா இருக்கவில்லை. 1887இல் தொடங்கிய மாலுமிகள், நெருப்பறைத் தொழிலாளர்கள் சங்கத்துக்குத் தலைவராக இருந்தார். 1890இல் அட்லாண்டிக்கைத் தாண்டி மாடு ஏற்றிவரும் கப்பல்களின் கொடுமையைப் பற்றி ஒரு புத்தகம் போட்டார். கடைசிக் காலத்தில் அமெரிக்கா போய், அங்கே பள்ளிப் பாடப்புத்தகங்களில் இங்கிலாந்தைத் திட்டி எழுதியிருப்பதை மாற்ற முடியுமா என்று ஒரு முயற்சி. கொஞ்சம் கிறுக்கும் உண்டு மனிதருக்கு. 1898 ஜூன் 3 அன்று ஃபோக்ஸ்டனில் இறந்தார். லண்டனில் தேம்ஸ் கரையில் அவருக்கு நினைவுச் சின்னம் வைத்தது 1929இல் மாலுமிகளின் தொழிற்சங்கம். அடிப்பாகம் ரப்பரும் மேல் பாகம் துணியுமாக இருக்கும் ஷூவுக்கு இங்கிலாந்தில் 'பிலிம்சால்' என்று பெயர். ரப்பரும் துணியும் சேருமிடத்தில் ஓடும் பட்டை கப்பல் கோடு மாதிரி இருந்ததாம். அந்தக் கோட்டுக்கு மேல் தண்ணீர் போனால் கால் நனையும்.

இப்போது கோடு எங்கே

1906இல் லாய்டு ஜார்ஜ் வர்த்தக வாரியத்தில் இருந்தபோது, பிரிட்டிஷ் துறைமுகத்துக்கு வரும் அந்நியக் கப்பல்களுக்கும் கோடு கட்டாயமானது. அதே கையோடு அட்டவணையைத் திருத்திக் கொஞ்சம் ஆழமாக முங்கவும் அனுமதித்தார்கள். 1930இல் சர்வதேச ஒப்பந்தம், 1966இல் புது ஒப்பந்தம்.

சோமர்செட் கமிஷன் கேட்ட கேள்விகளுக்கு இன்றைக்குக் கப்பலின் வயிற்றிலேயே பதில் எழுதியிருக்கிறது. சென்னைத் துறைமுகத்தில் நிற்கும் எந்தச் சரக்குக் கப்பலையும் பாருங்கள். வட்டம், குறுக்குக் கோடு, பக்கத்தில் ஏணிப்படி மாதிரி சின்னச் சின்னக் கோடுகள். டி என்றால் வெப்பமண்டலக் கடல், எஸ் கோடை, டபிள்யூ குளிர்காலம், டபிள்யூ.என்.ஏ. குளிர்கால வட அட்லாண்டிக் (இது நூறு மீட்டருக்கு மேற்படாத கப்பல்களுக்கு மட்டும்). எஃப் நல்ல தண்ணீர், டி.எஃப். வெப்பமண்டல நல்ல தண்ணீர். ஒரே கோடு போட முடியாது என்றீர்களே, சரி, ஆறு கோடு போட்டுக்கொள்கிறோம் என்று யாரோ பதில் சொன்ன மாதிரி இருக்கும்.

வெப்பமண்டலக் கோடு, கோடைக் கோட்டுக்கு மேலே இருக்கும். கோடையில் முங்கும் ஆழத்தில் 48இல் ஒரு பங்கு. 9.6 மீட்டர் முங்கும் கப்பல் என்றால் 20 சென்டிமீட்டர். 180 மீட்டர் நீளமும் 30 மீட்டர் அகலமும் உள்ள கப்பலுக்கு அந்த 20 சென்டிமீட்டர் சுமார் 1,000 டன் சரக்கு. ஒப்பந்தத்தின்படி வங்காள விரிகுடாவில் டிசம்பர் 1 முதல் ஏப்ரல் 30 வரை வெப்பமண்டலக் கணக்கு, மே 1 முதல் நவம்பர் 30 வரை கோடைக் கணக்கு. நம் ஊர் கடலுக்குக் குளிர்காலத்தில் வெப்பமண்டலம், வெயில் காலத்தில் கோடை என்பது வேடிக்கையாகத் தோன்றும், ஆனால் கணக்கு வெயிலைப் பார்ப்பதில்லை, புயலைப் பார்க்கிறது. நவம்பர் 30 அன்று இங்கிருந்து கிளம்பும் கப்பல் எஸ் கோட்டோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். மறுநாள் கிளம்பினால் இன்னும் ஆயிரம் டன் ஏற்றலாம், போகிற வழியும் சேருமிடமும் அதற்கு இடம் கொடுத்தால்.